ரோஸ்ட்ராட்டஸ் வளர்ப்பில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தீபாவளி இரவு பக்கத்து வீட்டில் பட்டாசு வெடித்ததும் என் தொட்டியில் இருந்த ஆறு மீன்களும் ஒரே நொடியில் காணாமல் போயின. கிட்டே போய்ப் பார்த்தேன். மணலுக்கு மேல் லேசாகத் தூசி மிதந்தது. மணலோடு மணலாக ஒரே ஒரு கண் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. ரோஸ்ட்ராட்டஸ் என்ன மீன் என்பது அன்றைக்குத்தான் எனக்கு முழுதாகப் புரிந்தது.

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில், தோட்டத்து லயத்தை விட்டுத் தாமான் எனும் குடியிருப்புப் பகுதிக்கு வந்தவர்களின் வீடுகளில் இப்போது பெரிய தொட்டிகளைப் பார்க்க முடிகிறது. சண்டை மீன், நெற்றி புடைத்த லோஹான் மீன் வளர்த்த கைகள் அப்புறம் ரோஸ்ட்ராட்டஸ் போன்ற ஆப்பிரிக்க சிக்லிட் குடும்ப மீன்கள் பக்கம் திரும்புகின்றன. அப்படித் திரும்பும்போது பழைய பழக்கங்களும் கூடவே வந்துவிடுகின்றன. இந்த மீன் பெரும்பாலும் அதனால்தான் சாகிறது.

ஃபோசோரோக்ரோமிஸ் ரோஸ்ட்ராட்டஸ் என்பது முழுப்பெயர். விலங்கியலாளர் பவுலஞ்சர் 1899-இல் இதை விவரித்தார். இன்றைய பேரினப் பெயர் 1989-இல் வந்தது. தோண்டுபவன் என்ற பொருளுள்ள லத்தீன் சொல்லிலிருந்து பிறந்தது. சொந்த ஊர் மலாவி, மொசாம்பிக், தான்சானியா மூன்றும் சூழ்ந்த மலாவி ஏரி. கரையோர மணல்வெளியில் கூட்டமாகத் திரியும். வாய் நிறைய மணலை அள்ளி, அதிலுள்ள சிறு உயிர்களைத் தின்றுவிட்டு, மணலைச் செவுள் வழியாக வெளியே கொட்டும். ஆபத்து வந்தால் தலைகுப்புற மணலுக்குள் பாய்ந்து மறைந்துகொள்ளும்.

இப்படிப்பட்ட மீனைப் பவளத்துண்டுகள் மேல் விடுவதுதான் நான் அடிக்கடி பார்க்கும் பெரிய தவறு. 'ஆப்பிரிக்க மீனுக்கு இதுதான் போடணும்' என்று சொல்லி விற்பார்கள். தண்ணீரின் காரத்தன்மைக்கு அது நல்லதுதான். ஆனால் அதன் கூரிய முனைகள் வாயையும் செவுளையும் கிழிக்கும். பயந்து பாயும் மீனின் மூக்கும் உடையும். பவளத்துண்டை வலைப்பையில் கட்டி பில்டருக்குள் வையுங்கள். அங்கே இருந்தே அது தன் வேலையைச் செய்யும். தொட்டியின் அடியில் மென்மையான ஆற்று மணல் மட்டும் போதும், மூன்று அங்குல உயரத்துக்கு. வாளியில் போட்டு, கலங்கல் தெளியும்வரை கழுவ வேண்டும். கைப்பிடி மணலை இறுக்கிப் பிடித்துத் தேய்த்துப் பாருங்கள்; உள்ளங்கை எரிந்தால் அந்த மணல் வேண்டாம். பழைய ஈயச் சுரங்கக் குளத்தோரம் வெள்ளையாகக் குவிந்திருக்கும் மணலையும் அள்ளிவராதீர்கள். அதில் என்னென்ன கலந்திருக்கிறது என்று பார்வைக்குத் தெரியாது.

பில்டர் உறிஞ்சும் குழாயை மணலிலிருந்து ஒரு சாண் உயரத்தில் வையுங்கள். இல்லாவிட்டால் மீன் கொட்டும் மணல் மோட்டாரைத் தின்றுவிடும்.

வலை போட்டுப் பிடிக்கும்போது மீன் மணலுக்குள் பாய்ந்தால், வலையை மேலே வைத்து அழுத்துகிறார்கள். ஐயோ, வேண்டாம்! தண்ணீரைப் பாதிக்கு இறக்கிவிட்டு, இரண்டு வலைகளால் மெதுவாக மூலைக்கு ஒதுக்குங்கள். மணலைக் குழாய்விட்டு உறிஞ்சிச் சுத்தம் செய்யும் முன்பும் மீன்களை எண்ணிக்கொள்ளுங்கள். ஒன்று குறைந்தால் அது உள்ளேதான் இருக்கிறது.

சண்டை மீன் வளர்த்த பழக்கத்தில் கெத்தாபாங் (நாட்டு வாதுமை) இலையைப் போடுவது இன்னொரு தவறு. அது தண்ணீரை அமிலப் பக்கம் இழுக்கும். மலாவி ஏரித் தண்ணீரோ காரமானது, பிஎச் 7.7 முதல் 8.6 வரை. அலங்காரத்துக்கு மரக்கட்டை போடுவதும் இதே கதைதான்.

ஹீட்டர் நம் ஊரில் தேவையே இல்லை. தகரக் கூரைக்குக் கீழே மதிய நேரத்தில் தண்ணீர் சூடாகிப் பிராணவாயு குறைவதுதான் இங்கே ஆபத்து. பேட்டரியில் ஓடும் காற்று பம்ப் ஒன்று கைவசம் இருக்கட்டும்.

'அண்ணே, ஒரு வருசமாச்சு, கலரே வரலையே' என்று ஒரு தம்பி கேட்டார். குஞ்சுகளும் பெண் மீன்களும் வெள்ளி உடம்பில் கரும்புள்ளிகளோடுதான் இருக்கும். கூட்டத்தில் ஆதிக்கம் செலுத்தும் ஆண்தான் கறுத்து, நீலமும் பச்சையுமாக மின்னும். மற்ற ஆண்கள் அடங்கியே இருக்கும். விரல் நீளக் குஞ்சு கடும் நிறத்தோடு விற்பனைக்கு வந்தால் நான் வாங்க மாட்டேன்.

அந்தத் தம்பியின் தொட்டி மூன்றடி. ரோஸ்ட்ராட்டஸ் 25 செ.மீ. வரை வளரும், திடுக்கிட்டால் கண்ணாடியில் மோதும். ஆறடி நீளம், இரண்டடி அகலத்துக்குக் குறைந்து இதை வளர்க்க நினைக்காதீர்கள். பாறை இடுக்கில் வாழும் முரட்டு ம்புனா மீன்களோடும் சேர்க்க வேண்டாம். ப்ளூ டால்பின் என்ற சிக்லிட் மீன் நல்ல துணை. ஏரியிலும் அது மணல் கிளறும் மீன்களின் பின்னாலேயே போய், கலைந்து வருவதைப் பொறுக்கித் தின்னும்.

பெண் மீன் சாப்பிடாமல் ஒதுங்கி நின்றால் உடனே மருந்து ஊற்றாதீர்கள். தாடை பைபோல் உப்பியிருக்கிறதா என்று பாருங்கள். முட்டைகளையும் குஞ்சுகளையும் மூன்று வாரம்போல் அது வாயில்தான் சுமக்கும்.

மீன் பெரிதாகித் தொட்டி பற்றாமல் போனால் கடைக்கோ வேறொரு வளர்ப்பாளருக்கோ கொடுத்துவிடுங்கள். நம் ஈயச் சுரங்கக் குளங்களில் தென் அமெரிக்காவின் பீகாக் பாஸ் ஏற்கெனவே பரவிக் கிடக்கிறது. தூண்டில் போடுகிறவர்களைக் கேட்டால் தெரியும். இன்னொரு வெளியூர் மீனை அங்கே கொண்டுபோய் விட வேண்டாம்.