பழைய ஃபுட்டேஜ வச்சு நம்ம தோட்டத்து கதைய டொக்கியுமென்ட்ரியா எடுக்கிறது எப்படி

இலங்கை மலையகத்து தேயில தோட்டங்கள பத்தி படம் எடுக்க ஆசப்படுற தம்பி தங்கச்சிமாருக்குத்தான் இத எழுதுறேன், போன் ஒன்னு இருந்தாலே ஆரம்பிக்கலாம், ஆனா பழைய ஃபுட்டேஜ என்ன செய்றதுன்னு தெரியாம நிறைய பேர் சும்மா மியூசிக் போட்டு ஓட்டி விடுறாங்க.

முதல்ல தேடணும். பழைய செய்திப்படம் எடுத்த பிரிட்டிஷ் பாத்தேங்கிற கம்பெனி 2014ல சுமார் 85,000 பழைய ஃபில்ம்கள யூடியூப்ல ஏத்தினாங்க, அதுல "சிலோன்"னு தேடுங்க, நாட்டு பேரு 1972லதான் மாறிச்சு. பார்க்கிறதுதான் சும்மா, உங்க படத்துல போடணும்னா அனுமதி கேட்டு காசு கட்டணும்.

அடுத்தது நம்ம வீட்டு அலுமாரி. கல்யாணம், சடங்கு, தேர்த்திருவிழா எடுத்த வீடியோ கசட் எங்கயாச்சும் கெடக்கும். நம்ம குளிருக்கும் ஈரத்துக்கும் அதுல வெள்ளையா பூஞ்சணம் பூத்திருந்தா தயவுசெஞ்சு டெக்குல போட்டு பார்த்துறாதீங்க, டேப்பும் கெட்டு டெக் ஹெட்டும் கெட்டு அடுத்த கசட்டுக்கும் ஒட்டிக்கும், கிளீன் பண்ண தெரிஞ்ச ஆள்கிட்ட குடுங்க. போட்டோவ 600 டிபிஐல ஸ்கேன் பண்ணுங்க, பின்பக்கத்தையும் சேர்த்து, தேதியும் ஊரும் அங்கதான் எழுதியிருக்கும்.

இப்பதான் முக்கியமான வேலை. ஒவ்வொரு துண்டையும் இத யாரு எடுத்தா, யாருக்கு காட்ட எடுத்தான்னு கேளுங்க. வெள்ளக்காரன் காலத்து ரீல் ஒன்ன அம்மாயிகிட்ட போன்ல காட்டினேன், பொம்பளைங்க பளிச்சுனு சேல கட்டி சிரிச்சுக்கிட்டே கொழுந்து எடுக்கிறாங்க. அம்மாயி போன கிட்ட வச்சு பார்த்துட்டு, "இடுப்புல கட்டுற படங்கு எங்கடி புள்ள? படங்கு கட்டாம மலைக்கு போனா செடி ஈரத்துல இடுப்புக்கு கீழ நனஞ்சிறாது? இது நிக்க வச்சு எடுத்தது"ன்னாங்க. அந்த ரீல் தேயில விக்க எடுத்தது, நம்மள காட்ட எடுத்ததில்ல. அதனால பழசுங்கள உக்கார வச்சு காட்டுங்க, அவங்க பேசுறத ரெக்கோட் பண்ணி அதே காட்சி மேல போடுங்க, நடுவுல பேசாம இருந்தா வெட்டாதீங்க.

எடிட்டிங்ல ரெண்டு விஷயம். கசட் படம் 4:3, அதாவது அகலம் நாலுன்னா உயரம் மூணு, அத ஸ்கிரீன் முழுக்க இழுத்தா மூஞ்சி எல்லாம் தட்டையாகிரும், ரெண்டு பக்கமும் கறுப்பாவே விடுங்க. அப்புறம் இலங்கையும் இந்தியாவும் போட்ட 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம், நம்ம ஆளுங்க 5,25,000 பேர இந்தியாவுக்கு அனுப்ப முடிவெடுத்த கதைய சொல்லும்போது அதுக்கு ஃபுட்டேஜ் இல்லன்னு வேற வருஷத்து, வேற தோட்டத்து காட்சிய அதுதான் இதுங்கிற மாதிரி போடாதீங்க, பார்க்கிறவங்க நம்பிருவாங்க, அப்போ இந்தியாவுக்கு போன கப்பல்ல சொந்தத்த ஏத்தி அனுப்பினவங்க இன்னும் தோட்டத்து லயத்து வீடுகள்ல இருக்காங்க. ஒன்னுமே இல்லன்னா பாஸ்போர்ட்டுக்கு எடுத்த போட்டோ ஒன்ன பத்து செக்கன் அப்படியே நிறுத்துங்க, அது போதும்.

கசட் தந்த வீட்டுக்கு பென் டிரைவ்ல ஒரு கொப்பி கொண்டு போய் குடுங்க, அவங்க டீவிலயே சொருகி போட்டுக் காட்டிட்டு வாங்க.