இலையுதிர்காலக் கொரிய மலைக்கோயில் பயணம்: வழிநடத்திப் போகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன வாரம், கொரியாவின் தேஜோன் நகருக்கு ஆய்வுக்காகப் புதிதாக வந்திருக்கும் ஒரு தம்பி, நவம்பர் முதல் சனிக்கிழமைக்கு ஒரு பயணத் திட்டம் போட்டு எனக்கு அனுப்பியிருந்தார். பதினெட்டுப் பேர், ஒரு மினி பஸ். காலையில் நேஜாங்சா கோயில், மதியம் தாம்யாங் ஊரின் மெட்டாசெக்கோயா மரச்சாலை, மாலையில் பேக்யாங்சா கோயில், இரவு வீடு. "அண்ணா, சரியா இருக்கான்னு பாருங்க" என்று கேட்டிருந்தார். படித்ததும் திக்கென்றது. பல வருஷங்களுக்கு முன் நான் போட்ட அதே திட்டம், இடங்களின் வரிசைகூட மாறவில்லை.

ஒவ்வொரு இலையுதிர்காலத்திலும் நம்மவர்களை, குறிப்பாகப் பிள்ளைகளைப் பார்க்க வரும் பெற்றோர்களை, கொரிய மலைக்கோயில்களுக்கு அழைத்துப் போகிறேன். புதிதாக இதைச் செய்யத் தொடங்குகிறவர்கள் என் பழைய தவறுகளையே திரும்பச் செய்வதைப் பார்க்கும்போது மனசு கேட்பதில்லை. நல்ல ஷூ, குளிர்சட்டை, பவர்பேங்க் பற்றியெல்லாம் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை, அவற்றை விட்டுவிடுகிறேன்.

ஒரே நாளில் மூன்று இடம்

வரைபடத்தைப் பார்த்தால் ஆசை வரத்தான் செய்யும். நேஜாங்சான் தேசியப் பூங்காவின் வடக்குச் சரிவில், ஜோங்உப் பக்கம், நேஜாங்சா. தெற்குச் சரிவில், ஜாங்சோங் பக்கம், பேக்யாங்சா. ஒரே மலையின் இரண்டு பக்கம். திரையில் கட்டைவிரல் அகலம்கூட இல்லை. நேவர் மேப் என்ற கொரிய வரைபடச் செயலியில் செவ்வாய்க்கிழமை இரவு வீட்டில் உட்கார்ந்து பார்த்தால், அது செவ்வாய்க்கிழமை இரவின் பயண நேரத்தைக் காட்டும். நவம்பர் சனிக்கிழமை காலையில் அந்தச் சாலை வேறு சாலை.

அப்போது நான் சியோலில் இருந்தேன். பதினான்கு பேர் யோங்சான் ஸ்டேஷனில் ரயில் ஏறினோம். இரண்டு கைக்குழந்தைகள், மகளைப் பார்க்க மதுரையிலிருந்து வந்திருந்த பெரியவர் ஒருவர். பத்து மணிக்கு முன்பே ஜோங்உப்பில் இறங்கி, பேசிவைத்திருந்த மினி பஸ்ஸில் ஏறிவிட்டோம். ஊரைத் தாண்டியதும் வண்டி ஊர ஆரம்பித்தது. மேலே இருக்கும் வாகன நிறுத்தங்கள் எல்லாம் நிறைந்து, எங்களை வெகு கீழேயே இறக்கிவிட்டார்கள். குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு நடந்தோம். உள்ளே ஓடும் ஷட்டில் பேருந்துக்கு இன்னொரு வரிசை. கோயிலின் முதல் வாசலான இல்ஜுமுன் வந்து சேர்ந்தபோது மணி பன்னிரண்டு நாற்பது.

அதற்குப் பிறகு நான் செய்ததுதான் இன்றும் என்னைக் குடைகிறது. இல்ஜுமுனிலிருந்து கோயில் வரை, இருபுறமும் மேப்பிள் மரங்கள் மேலே கை கோத்து நிற்கும் பாதை. நூற்றெட்டு மரங்கள் என்று சொல்வார்கள். உச்சிவெயில் இலைகளைத் துளைத்துக்கொண்டு வந்து, கீழே நடப்பவர்களின் முகமெல்லாம் சிவந்திருந்தது. அந்த இடத்தில், கையில் கடிகாரத்தோடு, "வாங்க வாங்க, கோயில் உள்ளே இருக்கு, நேரமாச்சு" என்று எல்லோரையும் விரட்டினேன்.

நேஜாங்சாவுக்கு இலையுதிர்காலத்தில் கொரியா முழுவதிலுமிருந்து ஜனங்கள் வருவது அந்தப் பாதைக்காக. கோயிலின் பிரதான மண்டபம் 2012இல் எரிந்தது, திரும்பக் கட்டினார்கள், 2021இல் மறுபடியும் எரிந்தது. அந்த வருஷங்களிலும் பாதை நிறைந்துதான் வழிந்தது. யாரை எதற்காக அழைத்து வந்தேனோ, அதன் நடுவே அவர்களை ஓடவைத்தேன்.

தாம்யாங்கைக் கைவிட்டோம். மலையைச் சுற்றிப் பேக்யாங்சா போனால் மணி நாலேகால். இங்கே ஓர் ஓடையைத் தேக்கி நீர்ப்பரப்பு அமைத்திருக்கிறார்கள். கரையில் சாங்கியேரு என்ற இரண்டடுக்கு மண்டபம், அதற்குப் பின்னால் பேக்ஹாக்போங் என்ற வெண்பாறைச் சிகரம், இரண்டும் தண்ணீரில் தலைகீழாகத் தெரிய வேண்டும். நவம்பர் தொடக்கத்தில் சூரியன் மறைவது ஐந்தரையை ஒட்டித்தான் என்றாலும், பள்ளத்தாக்கில் அதற்கு வெகு முன்பே வெயில் மலைக்குப் பின்னால் போய்விடும். நாங்கள் பார்த்தபோது தண்ணீர் சிலேட்டுப் பலகை மாதிரி இருந்தது. நடுவே படிக்கற்களில் நின்று படம் எடுக்க நீண்ட வரிசை. பதினைந்து நிமிஷம் கொடுத்தேன்.

இந்தப் பக்கத்து மேப்பிளுக்குக் கொரியர்கள் 'ஏகி தான்புங்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். தான்புங் என்றால் நிறம் மாறிய இலை, ஏகி என்றால் குழந்தை. கைக்குழந்தையின் உள்ளங்கையை விரித்து வைத்த மாதிரி சின்ன இலை. எங்களோடு வந்த குழந்தையின் கையில் ஒன்றை வைத்துப் பார்க்கக்கூட நேரம் கொடுக்கவில்லை.

திரும்பும்போது ரயிலைத் தவறவிட்டோம். புறப்பட்டுவிட்ட ரயிலின் டிக்கெட்டுக்கு முழுப் பணமும் திரும்பாது. அடுத்த ரயில்களில் உட்கார இடமே இல்லை. நிற்கும் டிக்கெட்தான். பெட்டிகளுக்கு இடையிலிருந்த மடக்கு இருக்கையில் பெரியவரை உட்காரவைத்தேன். அவர் கோபப்படவில்லை. "தம்பி, முதல்ல பார்த்தமே, அந்தக் கோயில் பேரு என்ன?" என்று கேட்டார். சொன்னேன். "அங்கேயே இருந்திருக்கலாம்" என்றார்.

கணக்கைப் பாருங்கள். பதினைந்து பேர் வண்டியிலிருந்து இறங்கி, கழிப்பறை போய் வந்து, ஒன்று சேர இருபது நிமிஷம். வாகன நிறுத்தத்திலிருந்து இல்ஜுமுன் வரை பெரியவர்களோடு அரை மணி நேரம். கோயிலுக்குள் குறைந்தது ஒரு மணி நேரம். இறங்கி வர அரை மணி, திரும்பத் தலை எண்ண இருபது நிமிஷம். நெரிசலே இல்லாவிட்டாலும் ஒரு கோயிலுக்கு இரண்டு மணி நாற்பது நிமிஷம் ஆகிவிடுகிறது. நவம்பரில் பள்ளத்தாக்குக்குள் நல்ல வெளிச்சம் இருப்பது ஒன்பதிலிருந்து மூன்றரை வரைதான். இதில் மூன்று இடம் எப்படி அடங்கும்?

ஒரு நாளைக்கு ஒரு கோயில். கட்டாயம் இரண்டாவது வேண்டுமென்றால், அதே சாலையில், வேறு வகையான இடம். யோங்ஜு ஊரில் பூசோக்சா கோயிலைப் பார்த்தால், வழியிலேயே 1543இல் தொடங்கிய சோசு சோவோன் என்ற பழைய கல்விச்சாலை இருக்கிறது. அந்த ஜோடி சரியாக வரும். தேஜோன்காரர்களுக்கு இன்னும் எளிது. வசந்தத்துக்கு மாகோக்சா, இலையுதிர்காலத்துக்கு காப்சா என்று கோங்ஜு பக்கம் பழமொழியே உண்டு. இரண்டும் கோங்ஜுவில்தானே இருக்கின்றன, ஒரே நாளில் முடித்துவிடலாமே என்று ஒருவர் கேட்டார். பழமொழியே பருவத்துக்கு ஒன்றாகப் பிரித்துக் கொடுத்திருக்கிறது, காப்சாவோடு நிறுத்திக்கொள்ளுங்கள் என்றேன்.

அந்தத் தம்பியிடமும் இதைத்தான் சொன்னேன். பேக்யாங்சாவை மட்டும் வையுங்கள், காலை எட்டரைக்குத் தண்ணீருக்கு முன்னால் நில்லுங்கள், முடிந்தால் வியாழக்கிழமை போங்கள்.

'உச்சம்' என்ற அறிவிப்பை அப்படியே எடுத்துக்கொள்வது

தான்புங் வடக்கே சொராக்சான் மலையில் செப்டம்பர் கடைசியில் தொடங்கி, தெற்கே இறங்கி இறங்கி நேஜாங்சானுக்கு நவம்பர் தொடக்கத்தில் வந்து சேரும். ஒவ்வொரு மலையிலும் அது சிகரத்திலிருந்து கீழ்நோக்கி வருகிறது. மலையை மொத்தமாகப் பார்த்து, ஐந்தில் ஒரு பங்கு நிறம் மாறினால் 'முதல் தான்புங்', ஐந்தில் நான்கு பங்கு மாறினால் 'உச்சம்' என்பது வானிலைத் துறையின் கணக்கு. கோயில்கள் பெரும்பாலும் பள்ளத்தாக்கில், மலையின் காலடியில் இருக்கின்றன. மலைக்கு உச்சம் என்று செய்தி வந்த அன்று கோயில் முற்றம் பாதி பச்சையாக இருக்கலாம். நான் அறிவிப்புக்குப் பிறகு நாலைந்து நாள் தள்ளித்தான் தேதி வைப்பேன். ஜின்கோ மரங்களுக்கு மட்டும் இது உதவாது: மஞ்சளாகி நிற்கும், ஓர் இரவு உறைபனி விழுந்தால் காலையில் எல்லாம் தரையில் கிடக்கும். பூசோக்சாவின் ஏறுபாதை முழுக்க ஜின்கோதான். அங்கே போக முடிவு செய்தால், முந்தின நாள் கோயிலுக்குக் கீழே இருக்கும் கடைத்தெருவில் யாருக்காவது போன் போட்டுக் கேட்டுவிடுங்கள்.

போன வருஷப் படத்தின் தேதியை வைத்து இந்த வருஷம் போகவே போகாதீர்கள். சமீப வருஷங்களில் வெயில் நீண்டு பருவம் தள்ளிப்போகிறது.

வாசலிலேயே செருப்பைக் கழற்றுவது

இதை நம் அம்மாக்கள் செய்வார்கள், வழிநடத்துகிறவர் பார்க்கத் தவறுவார். இல்ஜுமுன் என்றால் 'ஒற்றை வரிசைத் தூண் வாசல்'. பக்கவாட்டில் நின்று பார்த்தால், அவ்வளவு பெரிய கூரையும் ஒரே வரிசைத் தூண்களின் மேல் நிற்பது தெரியும். அங்கிருந்து கோயிலின் எல்லை தொடங்குகிறது என்று நான் விளக்கிய அடுத்த நொடி, நண்பரின் அம்மா செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார். தரை நான்கு டிகிரி குளிரில் இருந்தது. முற்றம் முழுவதும் செருப்போடு நடக்கலாம், மண்டபத்துப் படியில் மட்டும் கழற்றினால் போதும் என்று நான் முன்பே சொல்லியிருக்க வேண்டும். இப்போதெல்லாம் வண்டியிலேயே சொல்லிவிடுகிறேன். கழற்றும்போது கால் சில்லிடாமல் இருக்கத் தடித்த காலுறையும் எடுத்துவரச் சொல்கிறேன்.

கல் கோபுரத்தை வலமாகச் சுற்றிவருவது அங்கேயும் உண்டு. அதை யாருக்கும் கற்றுத்தர வேண்டியிருந்ததில்லை.

மண்டபத்தின் நடுவாசல்

அது துறவிகளுக்கு. பக்கவாசலில் நுழையுங்கள், உள்ளே படம் எடுக்காதீர்கள்.

பாதையில் நின்று வரலாறு சொல்வது

வண்டியில் சொல்லி முடியுங்கள். பாதையில் அவர்கள் பார்க்கட்டும்.

"காய்கறிதானே" என்று அசட்டையாக இருப்பது

கோயிலுக்குக் கீழே இருக்கும் கடைத்தெருக்களில் சான்சே பிபிம்பாப் கிடைக்கும்: மலைக்கீரைகள், காளான், வேர்கள் போட்ட சோறு. பட்டியலில் இறைச்சி இல்லை என்பதை மட்டும் பார்த்துவிட்டுச் சைவக்காரர்களுக்கு அதைச் சொல்லிவிடுவோம். கூட வரும் தோன்ஜாங் (புளிக்கவைத்த சோயா விழுது) சூப்பில் நெத்திலி வேகவைத்த நீர் இருக்கும், கிம்ச்சியில் மீன் அல்லது இறால் ஊறல் இருக்கும், சோற்றின் மேல் முட்டை உட்கார்ந்திருக்கும். முட்டையைத் தவிர்க்க "கேரான் பே ஜுசேயோ" என்றால் போதும். நெத்திலிக்கு "மியோல்ச்சி" என்று பெயர். சூப்பைக் காட்டி அந்தச் சொல்லைக் கேட்டால் கடைக்கார அம்மா உண்மையைச் சொல்லிவிடுவார். முன்கூட்டி போன் செய்தால் சூப் இல்லாமல், வேறு கீரை வைத்துத் தரும் கடைகள் உண்டு.

கோயிலின் சொந்தச் சமையல் வேறு. அதில் இறைச்சி, மீன் மட்டுமல்ல, பூண்டும் வெங்காய வகைகளும் கிடையாது. பௌத்த மரபு விலக்கும் ஐந்து காரப்பொருள்களில் ஒன்று பெருங்காயம். கொரியாவில் அது விளைவதே இல்லை, ஆனாலும் பட்டியலில் பெயர் இருக்கிறது. ரசத்துக்குப் பெருங்காயம் இல்லாமல் முடியாத வீடுகளிலிருந்து வந்தவர்களிடம் இதைச் சொல்லுங்கள், அடுத்த அரை மணி நேரம் பேச்சு அதைப் பற்றித்தான் இருக்கும்.

கோயில் கட்டணத்துக்குத் தலைக்கு இவ்வளவு என்று வசூலிப்பது

2023 மே மாதத்திலிருந்து ஜோக்யே என்ற பௌத்தப் பிரிவின் பெரும்பாலான கோயில்களில் நுழைவுக்கட்டணம் இல்லை. வண்டி நிறுத்தத்துக்கு மட்டும் ஒதுக்குங்கள்.

ஜின்கோ பழத்தை மிதித்துவிட்டு வண்டி ஏறுவது

ஏறும் முன் ஒவ்வொருவர் காலையும் பாருங்கள். அந்த நாற்றம் ஊர் வரை வரும்.

இருட்டுவதற்குள் கிளம்பிவிடுவது

வெளிச்சம் போய்விட்டால் பயணம் முடிந்தது என்று நானும் நினைத்திருந்தேன். பூசோக்சாவில் ஒருநாள், வண்டி தாமதமானதால் மட்டுமே, மாலை வழிபாடு வரை இருந்தோம். முதலில் பெரிய முரசு. நிலத்தில் வாழும் உயிர்களுக்காக அதை அடிக்கிறார்கள். அடுத்து நீரில் வாழ்பவற்றுக்காக மரமீன், பறவைகளுக்காக மேக வடிவ உலோகத் தகடு. நரகத்தில் இருப்பவர்களுக்காக மணி. மரமீனின் வயிறு குடையப்பட்டு வெறுமையாக இருக்கும்; துறவி இரண்டு குச்சிகளையும் அந்த வயிற்றுக்குள் விட்டு இருபக்கமும் தட்டுவார். எங்களோடு வந்த சிறுமி அதைப் பார்க்க அப்பாவின் தோளில் ஏறிக்கொண்டாள். மேற்கே சோபேக் மலைவரிசை ஒன்றன் பின் ஒன்றாக மங்கிக்கொண்டிருந்தது. முரசடிப்பவர் கை மாறும்போது ஒலியில் சின்ன இடைவெளிகூட விழவில்லை.

நேரம் பருவத்துக்குப் பருவம் மாறும். இலையுதிர்காலத்தில் பெரும்பாலும் ஆறு மணியை ஒட்டி. காலையில் நுழையும்போதே அலுவலகத்தில் கேட்டுக்கொண்டு, ஓட்டுநரிடம் ஏழு மணி என்று பேசிவையுங்கள். ஜின்கோ பாதையில் இறங்கும்போது ஈரமான இலை வழுக்கும். பெரியவர்களுக்கு ஆளுக்கொரு டார்ச் கொடுத்துவிடுங்கள்.