செத்தவர் கடன் தீர்க்கும் நாள்: கற்பனைத் திருவிழா ஒன்றைக் கட்டும் வழி

மாயக்கதை எழுதும் பிள்ளைகள் என்னிடம் தரும் கதைகளில் திருவிழா இல்லாத கதை குறைவு. துக்கமும் கொண்டாட்டமும் கலந்த விழா என்றால் எல்லாரிடமும் ஒரே அச்சுத்தான். பகலில் அழுவார்கள், இரவில் ஆடுவார்கள், ஆற்றில் விளக்கு மிதக்கும். பார்க்க வடிவுதான். ஆனால் அது கலப்பு இல்லை, இரண்டு விழாவை ஒரே நாளில் வைத்திருக்கிறார்கள். அழுகையும் சிரிப்பும் ஒரே செயலில் இருந்து கிளம்பவேண்டும். அந்தச் செயலைத் தேடிப் பிடிப்பதுதான் உங்கள் வேலை.

முதலில் விழாவுக்கு ஒரு தேவையைக் கொடுங்கள். சும்மா நினைவு கூர யாரும் வேலையை விட்டு வரமாட்டார்கள். இலங்கையின் வடக்கே, எங்கள் வன்னியில் எனக்கு உடனே வருவது குளம்தான். துருசு, அதாவது குளத்து மதகு, திறந்தால்தான் சிறுபோக நெல்லுக்குத் தண்ணீர். ஆகவே நான் கட்டிக் காட்டும் விழா துருசு திறக்கும் நாளில் நடக்கிறது. அதற்கு மாய விதி ஒன்றே ஒன்று: செத்தவர் தரவேண்டிய கடனை யார் இன்னும் மனதில் வைத்திருக்கிறாரோ, அவருடைய வயலுக்குத் தண்ணீர் தானாக ஏறாது. ஒன்றுக்கு மேல் விதி வைத்தால் வாசகர் விதிகளைத்தான் எண்ணிக்கொண்டிருப்பார்.

அடுத்தது, உங்கள் ஊரில் ஏற்கனவே என்ன இருக்கிறது என்று பாருங்கள். வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கணவனைப் பறிகொடுத்தவள். அவளுக்கு வைகாசியில் பொங்கல். முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தம் எடுத்து உப்புநீரில் விளக்கெரிப்பார்கள், காவடி வரும். வீதியில் காப்புக்கடையும் ஐஸ்கிரீமும் இருக்கும். அதே காலத்தை ஒட்டித்தான் மே 18 வருகிறது, 2009 போரின் முடிவில் செத்தவர்களை நினைத்து முள்ளிவாய்க்காலில் அரிசியும் உப்பும் மட்டும் போட்ட கஞ்சியைச் சிரட்டையில் வாங்கிக் குடிக்கிறோம். பொங்கல் பானையும் கஞ்சிப் பானையும் ஒரே வீட்டில் கழுவி வைக்கப்படும். இதில் ஒன்று சொல்லவேண்டும்: அந்தக் கஞ்சியை அப்படியே தூக்கி உங்கள் மாய நாட்டில் வைக்காதீர்கள். அது இன்னும் ஆறாதது. அடுப்பு எப்படி எரிகிறது என்பதைப் பாருங்கள், பானையை எடுக்க வேண்டாம்.

எனக்கு உதவியது செத்தவீட்டுக் கல்வெட்டு. செத்து முப்பத்தோராம் நாளுக்கு, செத்தவரைப் புகழ்ந்து அடித்துக் கொடுக்கும் அந்தப் புத்தகத்தில் எல்லாரும் உத்தமர்கள். வாங்கின மண்வெட்டியைத் திருப்பிக் கொடுக்காத ஆள் ஒருவர்கூட அதில் இருக்கமாட்டார். அதைத் தலைகீழாக்கினேன். என் விழாவில் குளக்கட்டில் நின்று, செத்தவர் தமக்கு என்ன தரவேண்டும் என்பதை ஒவ்வொருவரும் உரத்துச் சொல்லி, அதை விட்டுவிடவேண்டும். கூட்டம் "விட்டாச்சு!" என்று மறுமொழி சொல்லும்.

இனி எழுதிப் பாருங்கள். ஒருவர் இரண்டு கொத்து விதைநெல்லைச் சொல்வார். இன்னொருவர், "என்ரை மண்வெட்டி. பிடி மட்டும்தான் திரும்பி வந்தது" என்பார். சிரிப்பு தொடங்கிவிடும். அப்புறம் ஒரு ஆச்சி எழும்புவா: "கலியாணம் முடிச்ச நாள் தொடக்கம் இந்த மனுசன் எனக்கு ஒரு மறுமொழி தரவேணும். கறி எப்பிடி எண்டு கேட்டால் தலையை மட்டும்தான் ஆட்டுவார். சரி, விட்டிட்டன்." எல்லாரும் சிரிக்கிறார்கள். "விட்டாச்சு" என்று சொல்லத்தான் முன்வரிசையில் இருக்கிற மகளுக்கு வாய் வரவில்லை. இங்கே "சோகமும் மகிழ்ச்சியும் கலந்த குரலில்" என்று ஒரு வரி சேர்க்கக் கை துறுதுறுக்கும். கையைக் கட்டுங்கள்.

கடன் சின்னதாக இருக்கட்டும். "அப்பா எனக்கு அன்பைத் தரவேண்டும்" என்றால் செத்த வசனம். "சைக்கிள் வாங்கித் தாறன் எண்டவர்" என்றால் ஆள் கண்முன் நிற்பார்.

உடன்படாத ஆள் ஒருவர் கட்டாயம் வேண்டும். எல்லாரும் மனமொத்துக் கொண்டாடும் விழா கதைக்கு உதவாது, நிஜத்திலும் நான் பார்த்ததில்லை. நான் கட்டும் ஊரில் ஒரு தாய் கடனை விடமாட்டாள். மகன் போனவன், வரவில்லை. செத்தான் என்று யாரும் காட்டவும் இல்லை. கடனை விட்டால் அவன் செத்ததை அவளே ஒப்புக்கொண்டதாகிவிடும். 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் தொடங்கிய போராட்டத்தைத் தெரிந்தவருக்கு இதை விளக்கத் தேவையில்லை. சரி, அவள் வயல் காய்கிறது. ஊர் என்ன செய்யும்? விதியைப் பிறகு மாற்றித் தப்பிக்காதீர்கள், அது கள்ள ஆட்டம். விதிக்குள்ளேயே ஓட்டை தேடுங்கள். தண்ணீர் தானாக ஏறாது என்றுதான் விதி சொல்கிறது, வாளியால் இறைப்பதைத் தடுக்கவில்லை. ஆகவே பொழுதுபட ஊர் வரம்பில் வரிசையாக நின்று, வாளி கைமாறி, அவள் வயலை நனைக்கிறது. பாட்டு, பகிடி, வழுக்கி விழுகிற இளந்தாரிகள் எல்லாம் அங்கேதான். விழாவின் ஆட்டம் அதுதான், தனியாக ஒரு நடனம் தேவையில்லை.

சாப்பாட்டை ஒரு வரியில் முடியுங்கள். எட்டாம் நாள் சடங்கான எட்டுச்செலவில் செத்தவருக்குப் பிடித்ததைப் படைப்பது எங்கள் வழக்கம். விரால் குழம்பு என்று எழுதினால் போதும், பந்தி முழுவதையும் பரிமாற வேண்டாம். உடுப்பு, கொடி, நிறம் எல்லாம் கடைசி. வெள்ளை துக்கம், சிவப்பு சந்தோசம் என்று பிரித்தால் பழைய அச்சுக்கே திரும்பிப் போய்விடுவீர்கள்.

விழா எப்படித் தோன்றியது என்ற புராணத்தை உங்கள் கொப்பியில் மட்டும் வைத்திருங்கள். முதல் அத்தியாயத்தில் அதை ஒரு கிழவர் வாயில் போட்டு ஓதவிடாதீர்கள். அதற்குப் பதிலாக, விழாவுக்கு முதல் நாள் அந்தத் தாயின் வீட்டுப் படலையை ஒருவர் தட்டட்டும். "நாளைக்கு வாறியளோ அக்கா?" என்று கேட்கட்டும். அவள் பேச்சை மாற்றித் தேத்தண்ணி குடிக்கச் சொல்லட்டும். விழாவின் விதியை வாசகர் அந்தப் பேச்சிலேயே பிடித்துக்கொள்வார்.