பின்னணி இசை வழியே இளையராஜாவைக் கேட்பது எப்படி?

பாட்டுத் தொகுப்புகளைக் கொஞ்சம் ஒதுக்கிவிட்டு முழுப் படத்தையும் பாருங்கள். 1976-இல் வந்த 'அன்னக்கிளி'யில் தொடங்கலாம். அப்புறம் நேராக 'மௌன ராகம்', 1986.

நான் ஒரு காட்சியை முதலில் ஒலியே இல்லாமல் பார்ப்பேன், பிறகு ஹெட்போனோடு. இசை எந்த நொடியில் நுழைகிறது, வசனம் வந்ததும் எந்த வாத்தியம் ஒதுங்குகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். முக்கியமாக, எங்கே இசையே வைக்காமல் விட்டிருக்கிறார்? எனக்கு அதுதான் பெரிய பாடம். அந்த இடங்களை ஓட்டிவிடாதீர்கள். பாட்டின் மெட்டு வேறொரு காட்சியில் வேகம் குறைந்து, புல்லாங்குழலிலோ வயலினிலோ திரும்புகிறதா என்றும் தேடுங்கள்.

அடுத்து, மலையாளத்தில் 'பழசிராஜா', தமிழில் 'தாரை தப்பட்டை'. இரண்டுமே பின்னணி இசைக்காக அவருக்குத் தேசிய விருது வாங்கித் தந்தவை.