ஒலி வித்தைப் பள்ளியைக் கதையில் கட்டுகிறவர்கள் கவனத்துக்கு

ஃபேன்டசி எழுத வரும் புதியவர்கள் படித்துப் பார்க்கச் சொல்லி அனுப்பும் கதைகளில், ஒலியால் மந்திரம் கற்றுத்தரும் குருகுலம் இப்போதெல்லாம் அடிக்கடி வருகிறது. நல்ல விஷயம்தான். யாழும் பறையும் பண்ணும் கைவசம் இருக்கும்போது நெருப்பை வீசுகிற மாணவர்களையே எத்தனை காலம் எழுதுவது? ஆனால் எல்லோரும் சொல்லிவைத்த மாதிரி ஒரே இடத்தில் சறுக்குகிறார்கள். அது நானும் ஒரு காலத்தில் சறுக்கிய இடம் என்பதால் படிக்கும்போது கூடுதலாகவே எரிச்சல் வருகிறது. நாயகன் அநாதை, நாலு விடுதியில் ஒரு விடுதி முழுக்கக் கெட்டவர்கள் என்பதையெல்லாம் இங்கே பேசப் போவதில்லை. அதை யார் வேண்டுமானாலும் சொல்லிவிடுவார்கள்.

ஒலியை அம்பு மாதிரி எய்வது

மாணவி ஒரு சுரத்தை இழுத்துப் பாடுகிறாள், எதிரில் நிற்பவன் தூக்கி வீசப்படுகிறான். பக்கத்தில் நிற்கும் தோழிக்கு ஒன்றும் ஆவதில்லை. பாடியவளுக்கும் ஒன்றும் ஆவதில்லை, இத்தனைக்கும் அந்த வாய்க்கு மிக அருகில் இருக்கிற காது அவளுடையதுதான். இது எப்படி?

ஒலி நாலாபக்கமும் பரவும், மூலை திரும்பும், கதவிடுக்கில் நுழையும். திறந்த வெளியில் தூரம் இரட்டிப்பானால் 6 டெசிபெல் குறையும், அவ்வளவுதான். யார் நம் ஆள், யார் எதிரி என்று அதற்குத் தெரியாது.

ஒரு காட்சியோடு போகிற பிழை என்றால் திருத்திவிட்டுப் போகலாம். இது அஸ்திவாரத்தில் இருக்கிற பிழை. ஒரு தம்பி தடிமனான நாவல் ஒன்றை அனுப்பியிருந்தார், நன்றாக எழுதக்கூடியவர். மலை உச்சியில் பள்ளி, வரிசையாக வகுப்பறைகள், ஒன்றில் தூக்கம் வரவழைக்கும் பண், அடுத்ததில் இடி இறக்கும் முழவு, நடுவில் மூங்கில் தட்டி. “தம்பி, தூக்க வகுப்பு ஒழுங்காக நடந்தால் பக்கத்து அறை வாத்தியார் விழித்திருப்பாரா?” என்று கேட்டேன். “அது மாயத் தட்டி சார், சத்தம் தாண்டாது” என்றார். சரி, சத்தம் தாண்டாத தட்டி அந்த உலகத்தில் உண்டு என்றால், கடைசி அத்தியாயத்தில் மாணவர்கள் எல்லோரும் கூடிப் பாடித் தகர்க்கிறார்களே ஒரு கோட்டை, அதைச் சுற்றி எதிரி ராஜா ஏன் அந்தத் தட்டியைக் கட்டவில்லை? அவரிடம் பதில் இல்லை. நாலாவது அத்தியாயத்திலிருந்து எல்லாவற்றையும் மாற்ற வேண்டியிருந்தது, பாதியில் அலுத்துப்போய்க் கதையையே விட்டுவிட்டார். எனக்கு இன்னும் ஆறவில்லை.

எல்லோருக்கும் கேட்கும் என்பதை முதலில் ஒப்புக்கொண்டால் பள்ளி தானாகவே உருவாகும். கல்யாண மண்டபத்துக்கு நாலு வீடு தள்ளிக் குடியிருப்பவரைக் கேளுங்கள்: பாட்டின் வரி காதில் விழாது, ‘தும் தும்’ மட்டும் சுவரைத் தாண்டி வரும். 100 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் காற்றில் சுமார் 3.4 மீட்டர், 10,000 ஹெர்ட்ஸுக்கு 3.4 சென்டிமீட்டர்தான். அலை நீளமான கனத்த ஒலி, அதாவது தாழ்ந்த சுருதி, தடைகளைச் சுற்றிக்கொண்டு போகும், மெல்லிய சுவரையும் சுலபமாகத் தாண்டும். ஆகவே முழவு மாணவர்கள் ஊருக்கு வெளியே, குழல் மாணவர்கள் உள்ளே. தெளிந்த, காற்றில்லாத இரவில் தரையோரக் காற்று குளிர்ந்து, மேலே போகும் ஒலியை வளைத்துக் கீழே அனுப்பும். தூரத்து ரயில் சத்தம் ராத்திரியில் தெளிவாகக் கேட்பது இதனால்தான். அப்படியென்றால் ஆபத்தான பாடங்கள் பகலில்தான் நடக்க வேண்டும், நள்ளிரவில் திருட்டுத்தனமாகச் சாதகம் பண்ணுகிற மாணவன் பக்கத்து ஊரையே எழுப்பிவிடுவான். சுமார் 17 மீட்டருக்கு அப்பால் பெரிய சுவர் ஒன்று இருந்தால் எதிரொலி தனியாகத் திரும்பி வரும், மந்திரம் போட்டவன் மேலேயே. கர்நாடகத்தின் விஜயபுராவில் 17ஆம் நூற்றாண்டில் கட்டிய கோல் கும்பஸ் என்ற கல்லறை மண்டபத்தின் மாடத்தில் கிசுகிசுத்தால் எதிர்ப் பக்கத்தில் கேட்கும். அப்படி ஒரு மண்டபத்தில் தேர்வு வைத்துப் பாருங்களேன்.

‘ஒருத்தரை மட்டும் தாக்கியே ஆக வேண்டும் சார்’ என்றால் அதற்கும் வழி இருக்கிறது. ஒரே சுருதியில் கூட்டிய இரண்டு வீணைகளில் ஒன்றை மீட்டினால் மற்றதன் தந்தி தானாக அதிரும், சுருதி சேராத தந்தி சும்மா கிடக்கும். எதிரியின் சுருதி தெரிந்தால்தான் அவனைத் தொட முடியும் என்று வைத்துக்கொள்ளுங்கள். உடனே ஒற்றன் வருவான், பொய்ச் சுருதி வரும், தன் சுருதியை யாரிடமும் சொல்லாத தாத்தா வருவார். கதை அங்கேதான் இருக்கிறது.

சங்கக் கவிஞருக்கு இது தெரிந்திருந்தது. அகநானூறு 102-இல் தினைப்புனக் காவல்காரன் கள் மயக்கத்தில் இருக்க, கொடிச்சி, அதாவது குறிஞ்சி நிலத்துப் பெண், தலைமுடியைக் கோதியபடி குறிஞ்சிப் பண் பாடுகிறாள். கதிரைத் தின்ன வந்த யானை தின்னாமல், நின்ற இடத்தைவிட்டு நகராமல் தூங்கிவிடுகிறது. அவள் யானையைக் குறிவைத்துப் பாடவே இல்லை.

கண்ணாடியை உடைப்பது

உடைத்தாயிற்று. எல்லோரும் உடைத்தாயிற்று.

காது கேளாதவனை எதுவும் செய்யாது என்பது

ஒலி தோலிலும் எலும்பிலும் ஏறும். ஸ்காட்லாந்தின் தாளக் கலைஞர் எவலின் கிளென்னி சிறு வயதிலேயே செவித்திறனைப் பெருமளவு இழந்தவர், அதிர்வை உடம்பில் வாங்கிக்கொள்வதற்காகப் பல மேடைகளில் வெறுங்காலோடு வாசிப்பார். உங்கள் பள்ளியின் சிறந்த முழவு மாணவி அப்படி ஒருத்தியாக இருக்கலாமே, எதற்கு எப்போதும் வில்லனின் அடியாளாகவே வைக்கிறீர்கள்?

மந்திரப் பாட்டை முழுசாக எழுதுவது

நாலு வரிக்கு மேல் யாரும் படிக்க மாட்டார்கள்.

‘மௌனமே மகா மந்திரம்’

கடைசி அத்தியாயத்தில் தலைமைக் குரு இதைச் சொல்வார். தெரியும். வெட்டுங்கள்.

தொண்டையை மறப்பது

வாளுக்குத் துரு உண்டு, குரலுக்கு ஒன்றுமே இல்லையா? மழைக்காலத்தில் விடுதியில் ஒருத்தனுக்குச் சளி பிடித்தால் பள்ளியின் பாதிப் படை காலி. கத்திக் கத்திச் சாதகம் செய்பவனுக்குக் குரல்நாணில் காய்ப்பு வரும், அப்புறம் வாரக்கணக்கில் வாயைத் திறக்கக் கூடாது. இதையெல்லாம்விடப் பெரிய விஷயம், பையன்களுக்குக் குரல் உடையும். 12, 13 வயதில் தொடங்கி, கிட்டத்தட்ட ஒரு ஸ்தாயி கீழே இறங்கிவிடும், இறங்கும்வரை எந்தச் சுரம் எங்கே வழுக்கும் என்று அவனுக்கே தெரியாது. நேற்றுவரை வகுப்பில் முதல் ஆளாக இருந்தவன் இன்று விளக்கை ஏற்றப் பாடினால் கூரை பறக்கிறது. மாணவர்களுக்குச் சரியாக இந்த வயதையே வைத்துவிட்டு ஒருவர்கூட இதை எழுதுவதில்லை. யாராவது எழுதினால் அனுப்புங்கள், அதை முதலில் படிக்கிறேன்.