உதை ஏறாததற்குக் காரணம் தொடை அல்ல, ஊன்றுகால்

டேக்வாண்டோ போட்டியில் தலைக்கு விழும் டோல்யோ சாகிக்கு, அதாவது பக்கவாட்டில் சுழற்றி அடிக்கும் உதைக்கு, 3 புள்ளி, மார்புக் கவசத்துக்கு 2. என் கால் நெஞ்சு மட்டத்தைத் தாண்டவே இல்லை. தொடை இறுக்கம் என்று நினைத்து மாதக்கணக்கில் ஸ்ட்ரெட்சிங் செய்தது வீண். வீடியோ எடுத்துப் பார்த்தால், ஊன்றுகாலின் விரல்கள் எதிராளியையே பார்த்தபடி இருந்தன.

அப்படி நின்றால் இடுப்பு புரளாது. தொடை எலும்பின் மேற்பகுதி இடுப்புக் குழியின் விளிம்பில் முட்டிவிடும். அதையும் மீறித் தூக்கினால் முறுக்கெல்லாம் ஊன்றுகால் முழங்காலில் இறங்கும். எனக்கு வலித்தது அங்கேதான்.

திருத்தியது இப்படி: சுவரில் ஒரு கை. குதிகால் பிட்டத்தை ஒட்டும்படி மடக்கி முழங்காலைத் தூக்க வேண்டும். முன்பாதத்தில் சுழன்று, ஊன்றுகாலின் குதிகால் இலக்கைப் பார்க்கும்வரை திரும்ப வேண்டும். இடுப்பு புரண்ட பிறகே காலை நீட்டி, 3 நொடி நிறுத்தி, மடக்கி இறக்கலாம். காலுக்கு 8 தடவை, 3 சுற்று. மெதுவாகத்தான், வீசி உதைத்தால் வேகமே காலைத் தூக்கிவிடும், தசைக்கு வேலையிருக்காது.

சிமென்ட் தரையில் ரப்பர் ஷூ வேண்டாம். பாதம் ஒட்டிக்கொள்ள, முழங்கால் மட்டும் திருகும். நீண்ட நேரம் பிடித்து நிற்கும் ஸ்ட்ரெட்சிங்கைப் பயிற்சி முடிந்தபின் வைத்துக்கொண்டேன். தொடங்கும்முன் கால் வீச்சு 15 போதும்.