ஆவாரை, விராலி வளர்ப்பதில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தர்மபுரி மாவட்டத்தில் அரூர், பென்னாகரம் பக்கத்துக் கரடுகளில், அதாவது சிறு பாறைக் குன்றுகளில், ஆவாரைக்கு யாரும் தண்ணீர் ஊற்றுவதில்லை. சரளை மண்ணிலேயே செழித்துப் பூக்கிறது. அதே செடியை வேலியோரம் வைத்தால் பல வீடுகளில் ஒரே வருடத்தில் பழுத்துக் காய்ந்துவிடுகிறது. பக்கத்தில் வைத்த விராலிப் புதருக்கும் அதே கதிதான். பெரும்பாலும் நம் கவனிப்பு அளவு மீறுவதுதான் இதற்குக் காரணம்.

முதல் தவறு, தினமும் கொஞ்சம் தண்ணீர் விடுவது. சொட்டுநீரைக் கால் மணி நேரம் திறந்துவிட்டால் மேல்மண் அரையடிதான் நனையும். ஈரம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் வேர் பரவும். பங்குனி, சித்திரையில் மோட்டார் ஒரு வாரம் நின்றால், ஆழத்தில் வேர் இல்லாத செடி கருகிவிடும். நம் பக்கத்தில் பல இடங்களில் போர் தண்ணீர் உப்பும் சுண்ணாம்பும் கலந்தது. அதைச் சிறுகச் சிறுக விட்டால் தண்ணீர் ஆவியாகிப் போய், உப்பு மேலேயே தங்கிவிடும். தண்ணீர் சொட்டும் இடத்தைக் குனிந்து பாருங்கள். சுற்றிலும் வெள்ளையாக வளையம் கட்டி, நகத்தால் சுரண்டினால் மாவு போல உதிரும். கூடவே இலை ஓரம் பழுப்பாகக் காய்ந்திருந்தால் உப்புதான் என்று தெரிந்துகொள்ளலாம். அதற்கு மருந்து தேட வேண்டாம். தண்ணீர் விடும் நாட்களைக் குறைத்து, விடும்போது நிறைய விட்டால் உப்பு வேருக்குக் கீழே இறங்கிவிடும்.

நட்ட முதல் மாதம், மழை இல்லாவிட்டால் வாரம் 2 முறை செடிக்கு 5 லிட்டர் ஊற்றலாம். அடுத்த 3 மாதம் வாரம் ஒருமுறை 10 லிட்டர். முதல் கோடையில் 15 நாளுக்கு ஒருமுறை 15 முதல் 20 லிட்டர். இரண்டாவது மழைக்காலம் தாண்டியதும் நிறுத்திவிடலாம். தண்ணீர் ஆழம் போனதா என்று பார்க்க, மறுநாள் ஒரு இரும்புக் கம்பியைச் செடியிலிருந்து ஒரு அடி தள்ளிக் குத்துங்கள். ஈரமான செம்மண்ணில் சுலபமாக இறங்கும், காய்ந்த மண்ணில் முட்டி நிற்கும். ஒன்றரை அடி இறங்கினால் போதும்.

குழியிலும் தவறு நடக்கிறது. சுக்கான் பாறை, அதாவது இறுகிய சுண்ணாம்புப் படிவு, உள்ள நிலத்தில் குழி தோண்டி எருவையும் மணலையும் நிரப்பினால், அது அடைமழையில் அண்டா போலத் தண்ணீரைப் பிடித்துவைக்கும், வேர் அழுகும். நடுவதற்கு முன் குழியில் 2 குடம் தண்ணீர் ஊற்றிப் பாருங்கள். மறுநாளும் நின்றால் அந்த இடத்தில் ஒரு அடி உயரத்துக்கு மண் மேடு கட்டி அதன்மேல் நடுங்கள். வடியும் இடமானால் ஒன்றரை அடிக் குழி போதும். எடுத்த மண்ணையே திருப்பிப் போட்டு, இரண்டு கை மக்கிய தொழுவுரம் சேர்த்தால் சரி. யூரியா வேண்டவே வேண்டாம். அது போட்டால் தண்டு கொழுத்து வளர்ந்து முதல் வறட்சியிலேயே துவண்டுவிடும். ஆவாரை அவரைக் குடும்பம் என்றாலும் காற்றிலிருந்து தழைச்சத்தைப் பிடித்துவைக்கும் முடிச்சு அதன் வேரில் கிடையாது. மண்ணை வளமாக்கும் என்று நம்பி வைக்காதீர்கள்.

நடும் காலம் ஆடிக் கடைசியும் ஆவணியும். புரட்டாசி, ஐப்பசி மழை முழுவதும் கிடைக்கும். பொங்கலுக்குக் காப்புக் கட்டப் பூப்பறிக்கும்போது ஆசை வந்து தை மாதம் நட்டால், வேர் பிடிக்கும் முன்பே வெயில் வந்துவிடும்.

கரட்டிலிருந்து செடியைப் பிடுங்கிவருவது வீண் வேலை. ஆணிவேர் அறுந்துவிடும், காப்புக்காட்டில் பிடுங்கினால் அது குற்றமும்கூட. விதையிலிருந்து வளர்ப்பதே நல்லது, ஆனால் அப்படியே விதைத்தால் முளைப்பது அரிது. ஆவாரை, விராலி இரண்டுக்குமே விதைத்தோல் கெட்டி. தண்ணீரைக் கொதிக்கவைத்து இறக்கி, 2 நிமிடம் கழித்து விதையைப் போட்டு, இரவு முழுக்க அதிலேயே ஊறவிடுங்கள். காலையில் உப்பியிருக்கும் விதைகளை எடுத்து அரை அங்குல ஆழத்தில் ஊன்றுங்கள். உப்பாததை மறுபடி வெந்நீரில் போடலாம்.

நாற்று வாங்குவதானால் 3, 4 மாத நாற்று போதும். ஆளுயரம் வளர்ந்த நாற்றில் ஆணிவேர் பைக்குள் சுருண்டிருக்கும், நிலத்திலும் சுருண்டே இருக்கும். ஆவாரைதானா என்றும் பார்த்து வாங்குங்கள். மஞ்சள் பூப் பூக்கும் கொன்றை வகைகளைச் சிலர் ஆவாரை என்றே கொடுத்துவிடுகிறார்கள். ஆவாரையில் இலைக்காம்பு தண்டோடு சேரும் இடத்தில் காதுமடல் போல இரண்டு அகன்ற சிற்றிலைகள் ஒட்டியிருக்கும். அதை வைத்தே அடையாளம் கண்டுவிடலாம்.

மண் காயாமல் இருக்கப் பரப்பும் சருகு மூடாக்கைத் தண்டோடு ஒட்டிப் போட்டால் கறையான் ஏறும். ஒரு சாண் தள்ளிப் போடுங்கள்.

மழைக்குப் பின் பச்சைப் புழுக்கள் ஆவாரை இலையை மொட்டையடிப்பதுண்டு. வெளிர் மஞ்சள் பட்டாம்பூச்சிகளின் புழுக்கள் அவை. மருந்து அடித்துவிடாதீர்கள், வேர் பிடித்த செடி சில வாரங்களில் மறுபடி தழைத்துவிடும். விராலியிலும் ஒரு அவசரம் வேண்டாம். அதில் ஆண் பூவும் பெண் பூவும் பெரும்பாலும் தனித்தனிச் செடிகளில் இருக்கும். இறக்கை வைத்த காய் ஒன்றுகூடப் பிடிக்காத செடி ஆண் செடியாக இருக்கலாம். மலடு என்று வெட்டிவிட்டால் பக்கத்துச் செடிகளில் நல்ல விதை கிடைக்காது.